தண்ணீர் வராத மாதங்களின் தொக்கு

சம்பாவும் தாளடியும் அறுத்து, தரிசில் தெளித்த உளுந்தையும் எடுத்துவிட்டால், தஞ்சாவூர்ப் பக்கத்து வயல்கள் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். மேட்டூர் அணை திறக்க வழக்கமான தேதி ஜூன் 12. அதுவரை வாய்க்காலில் புழுதிதான். வருஷம் முழுக்கத் தண்ணீரைப் பற்றியே பேசும் ஊரில், தண்ணீர் இல்லாததே வசதியாக இருப்பது ஊறுகாய் போடுகிறவர்களுக்கு மட்டும்தான்.

ஏனென்றால் ஊறுகாய் என்பதே காயில் இருக்கும் நீரோடு நடத்தும் சண்டை. உப்பு அதை வெளியே இழுக்கும். வெயிலோ அடுப்போ விரட்டும். மிஞ்சியதையும் உப்பு பிடித்து வைத்துக்கொள்வதால், நுண்ணுயிர்களுக்குக் குடிக்கச் சொட்டு கிடைக்காது.

நார்த்தங்காயில் இது கண்கூடு. காயைச் சுருளாக நறுக்கி, உப்பை அடைத்து, ஜாடியில் சில நாள் குலுக்கி வைக்கிறார்கள். பிறகு பகலில் பாயில் வெயில், சாயங்காலம் திரும்பவும் அதே உப்புநீர். நீர் முழுவதும் காய்க்குள்ளேயே சுண்டும்வரை இந்தப் போக்குவரத்து. அப்படிக் காய்ந்தது வருஷக்கணக்கில் கறுத்துக்கொண்டே கிடக்கும், கெடாது.

மாங்காய்த் தொக்குக்கு இத்தனை பொறுமை வேண்டாம், ஒரு மதியம் போதும். புளிப்பான மாங்காயைக் கழுவி, துணியால் ஒற்றி, நிழலில் ஆறவிட்டுத் தோல் சீவித் துருவ வேண்டும். ஒரு கிலோ துருவலுக்குக் கால் லிட்டர் நல்லெண்ணெய், ஏறக்குறைய 100 கிராம் உப்பு, உப்பில் முக்கால் பங்கு மிளகாய்த்தூள், கொஞ்சம் மஞ்சள்தூள். எண்ணெயில் கடுகு வெடித்ததும் துருவலைக் கொட்டிக் கிளற, முதலில் சளசளவென்று நீர் விடும். அரைமணி நேரத்தில் அந்தச் சத்தம் அடங்கி, கரண்டி போன வழியில் வாணலியின் அடி தெரியும். ஓரத்தில் செக்கச்செவேலென்று எண்ணெய் பிரிந்து நிற்கும். அதுதான் பதம். வறுத்துப் பொடித்த வெந்தயமும் பெருங்காயமும், விருப்பமானால் ஒரு கட்டி வெல்லமும் அப்போது சேரும்.

அலுமினியப் பாத்திரம் மட்டும் வேண்டாம். புளிப்பு அதை அரித்துவிடும்.

இந்தப் புளிப்பே பெரிய காவல். ‘பி.ஹெச்.’ அளவு 4.6-க்குக் கீழே இருந்தால், கொடிய நஞ்சை உண்டாக்கும் பொட்டுலிசக் கிருமி வளராது. புளிப்பு மாங்காய் அதற்கும் வெகு கீழே. ஆங்கிலேயர்கள் இந்தியாவிலிருந்து ‘சட்னி’ என்ற சொல்லைக் கொண்டுபோய், பழத்தை வினிகரும் சர்க்கரையும் விட்டுக் காய்ச்சினார்கள். பழத்தில் போதாத புளிப்பை வினிகர் ஈடுகட்டியது. இங்கே காயே அந்த வேலையைச் செய்துவிடுகிறது. தொக்கு கெடாததை நம்பி, பச்சைப் பூண்டை வெறும் எண்ணெயில் ஊறவைத்து மாதக்கணக்கில் வைப்பது ஆபத்து. பூண்டுக்கு அந்தப் புளிப்பு கிடையாது.

உப்பு என்றால் பழைய கைகள் கல் உப்பைத்தான் கேட்கும். டெல்டாவுக்கு அது வேதாரண்யத்துச் சரக்கு. 1930-இல் ராஜாஜி திருச்சியிலிருந்து தஞ்சாவூர், கும்பகோணம் வழியாகத் தொண்டர்களோடு நடந்துபோய் அள்ளியது அந்தக் கடற்கரை உப்பைத்தான். தூள் உப்பிலும் தொக்கு நன்றாகவே வரும். ஆனால் ஆழாக்கால் அளந்தால் கணக்குத் தப்பும். ஒரே ஆழாக்கில் தூள் உப்பு எடை கூட நிற்கும் என்பதால் தராசே நல்லது.

நன்றாக ஆறிய பிறகே ஜாடிக்கு மாற்ற வேண்டும். சூட்டோடு மூடினால் ஆவி மூடியில் வியர்த்து, சொட்டிய இடத்தில் உப்பு நீர்த்துப் பூசணம் பூக்கும். “ஈரக் கரண்டியைப் போடாதேடி” என்று வீட்டுக்கு வீடு கேட்கும் அதட்டலுக்கும் காரணம் அந்த ஒரு சொட்டுதான். தொக்கின் மேல் ஒரு விரல்கடை எண்ணெய் நின்றால் காற்றும் படாது. வாயில் வெள்ளைத் துணியை வேடு கட்டி, ஜாடியைப் பரணில் ஏற்றுவது பழைய முறை. இப்போது பல வீடுகளில் கண்ணாடி பாட்டிலும் ஃப்ரிட்ஜும். எண்ணெயைக் குறைத்துச் செய்கிறவர்களுக்கு ஃப்ரிட்ஜ் அவசியமும்கூட.

ஜாடிக்குப் போகாத பங்கு ஒன்று உண்டு. காலி வாணலியில் சூடான சோற்றைப் போட்டு, ஒட்டிய தொக்கோடு வழித்துப் பிசைந்து, சுற்றி உட்கார்ந்த பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு உருண்டை. கடைசி உருண்டைக்கு எப்போதும் சண்டைதான்.