நாகமாணிக்கம்

நாகமாணிக்கம் என்பது வயது முதிர்ந்த நல்ல பாம்பின் தலையில் விளைவதாக நம்பப்படும் ஒளிவீசும் கல் ஆகும். நாகரத்தினம் என்றும் இதனை அழைப்பர். இது முற்றிலும் கற்பனையே.

கதைகளில்

பாம்பு இரவில் மணியை உமிழ்ந்து, அதன் ஒளியில் இரை தேடும் என்னும் கருத்து அகநானூற்றிலேயே காணப்படுகிறது. நாட்டுப்புறக் கதைகளில் அந்த மணியைச் சாணத்தால் மூடி எடுப்பவன் செல்வந்தன் ஆவான். மணியை இழந்த பாம்பு உயிர் துறக்கும்.

உண்மை நிலை

பாம்பின் தலையில் கண்ணுக்குப் பின்புறம் இருப்பது நச்சுச் சுரப்பி மட்டுமே. அது உமிழ்நீர்ச் சுரப்பியின் மாறிய வடிவம்; அதில் கல் விளைவதில்லை. 'மாணிக்கம்' என்று விற்கப்படுபவை கண்ணாடித் துண்டுகள் போன்ற போலிகளே.

விஷக்கல்

கடிவாயில் ஒட்டவைத்தால் நஞ்சை உறிஞ்சும் எனப்படும் விஷக்கல்லும் இத்தகைய நம்பிக்கையே. அது பெரும்பாலும் கருக்கிய எலும்புத் துண்டு. ஈரத்தை உறிஞ்சுவதால் ஒட்டிக்கொள்ளும். உடலில் பரவிய நஞ்சை எடுக்காது.

விளாத்திகுளம், கோவில்பட்டி வட்டாரக் கரிசல் காடுகளில் கோடையில் நிலம் வெடிக்கும். அவ்வெடிப்புகள் பாம்புகளுக்குப் புகலிடமாகின்றன. இங்கு கடிபட்டவருக்குக் கல் தேடுவது உயிர்காக்கும் நேரத்தை வீணாக்குவதாகும். கடிபட்ட உறுப்பை அசைக்காமல் வைத்து, 108 ஆம்புலன்ஸை அழைத்து, அரசு மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சுக்கும் ஒரே நச்சுமுறிவு மருந்து உண்டு. சென்னை அருகே வடநெம்மேலியில் இருளர் கூட்டுறவுச் சங்கத்தினர் எடுக்கும் பாம்பு நஞ்சு அம்மருந்து தயாரிக்கப் பயன்படுகிறது. பாம்பின் தலையிலிருந்து மனிதனுக்குக் கிடைக்கும் உண்மையான செல்வம் இதுவே.