திரையில் ஒலித்த முதல் தமிழ்க் குரல்

பெங்களூர் நகர இரயில் நிலையத்தை அடுத்துள்ள ஒக்கலிபுரத்தில் தமிழ்க் குடும்பங்கள் பல நெடுங்காலமாக வாழ்ந்து வருகின்றன. பிறந்த மண்ணைப் பிரிந்தோர்க்கு, வெளியூரில் தம் மொழி தளர்ந்துவிடுமோ என்னும் கவலை எழுதல் இயல்பு. ஆயின், திரையில் தமிழ் முதன்முதலாகப் பேசியதே வெளியூரில் உருவான படத்தில்தான். அக்குரலுக்கு உரியவர் டி. பி. ராஜலட்சுமி. அவருடைய கலை வாழ்க்கையைச் சிறிது நோக்குவோம்.

1911-ஆம் ஆண்டில் தஞ்சைச் சீமையில் பிறந்த அவருக்கு, அக்கால வழக்கப்படி இளமையிலேயே மணம் முடிக்கப்பெற்றது. வரதட்சிணைப் பூசலால் அம்மணம் நிலைக்கவில்லை. தந்தையாரும் மறைந்தார். எஞ்சிய செல்வம் பாடும் குரல் ஒன்றே. அதனைத் துணைக்கொண்டு திருச்சியில் சாமண்ணாவின் நாடகக் குழுவில் சேர்ந்தார். குடும்பப் பெண்கள் மேடையேறுதல் இழிவெனக் கருதப்பட்ட காலம் அது. ஒலிபெருக்கி இல்லாத அந்நாளில், கடைசி வரிசையில் இருப்போர்க்கும் கேட்குமாறு பாட வல்லவரே சிறந்த நடிகர் எனப் போற்றப்பட்டனர்.

பின்னர் ஊமைப் படங்கள் வந்தன. சென்னையில் ஏ. நாராயணன் எடுத்த 'கோவலன்', ராஜா சாண்டோ இயக்கிய 'ராஜேஸ்வரி' முதலியவற்றில் ராஜலட்சுமி நடித்தார். அங்கே அவரது குரலுக்கு வேலை இல்லை. காட்சிகளுக்கு இடையே எழுத்துக்கள் தோன்றும். படிக்க அறியாதார்க்குத் திரையருகே ஒருவர் நின்று கதையை உரைப்பார். நடிகையோ முகத்தாலும் கையாலும் மட்டுமே பேசுதல் வேண்டும்.

அக்குரலைப் பேசும் படம் மீட்டுத் தந்தது. பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனம் தயாரிக்க, எச். எம். ரெட்டி இயக்கிய 'காளிதாஸ்', 1931 அக்டோபர் 31 அன்று சென்னையில் வெளியாயிற்று. கதாநாயகி ராஜலட்சுமி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் விடையிறுத்தான். ஒரே தெருவில் பல மொழிகள் கேட்டுப் பழகிய பெங்களூர்த் தமிழராகிய நமக்கு இது பெருவியப்பன்று!

வெளியூரை நாட வேண்டியதன் காரணம் யாது? ஒலிப்பதிவுக் கருவி அப்போது சென்னையில் இல்லை. 1934-இல் நாராயணன் ஸ்ரீனிவாஸ சினிடோனை அமைக்கும் வரை தமிழ்க் கலைஞர்கள் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் இரயிலேறினர். ராஜலட்சுமி நடித்த 'வள்ளி திருமணம்' 1933-இல் கல்கத்தா நிறுவனம் எடுத்ததே. கன்னட மொழியின் நிலையும் இதுவே. 1934-இல் வெளிவந்த முதல் கன்னடப் பேசும் படம் 'சதி சுலோசனா' கோலாப்பூரில் உருவாகிப் பெங்களூர் வந்தது.

பிறர் எழுதிய வசனத்தைப் பேசுவதோடு ராஜலட்சுமி அமையவில்லை. தாம் எழுதிய 'கமலவல்லி' என்னும் நாவலை 1936-இல் 'மிஸ் கமலா' என்ற படமாக்கினார். தயாரிப்பும் இயக்கமும் அவருடையனவே. கதாநாயகியாகவும் அவரே நடித்தார். இந்தியாவின் முதல் பெண் இயக்குநர் பம்பாயைச் சேர்ந்த பாத்மா பேகம் ஆவார்; தென்னாட்டில் அப்பெருமை ராஜலட்சுமிக்கு உரியது. சொந்தப் படங்களால் அவருக்குப் பொருள் இழப்பும் நேர்ந்தது. 'சினிமா ராணி' எனப் புகழ்பெற்ற அவர் 1964-இல் மறைந்தார்.

அவர் பேசி நடித்த 'காளிதாஸ்' படத்தின் பிரதி ஒன்றேனும் இன்று கிடைக்கவில்லை. சில புகைப்படங்களும் விளம்பரங்களுமே எஞ்சியுள்ளன. அக்காலத்தில் திரையரங்குகளில் விற்கப்பெற்ற பாட்டுப் புத்தகங்கள், வேலை தேடிச் சென்றோரின் பெட்டிகளிலும் ஊர் கடந்திருத்தல் கூடும். நம் இல்லத்துப் பரணில் அத்தகைய ஏடு ஒன்று இருப்பின், பழந்தாள் என எடைக்குப் போட்டுவிடாது காப்போமாக. படச்சுருள் அழிந்தவிடத்து, அக்காலத்தை நமக்குக் காட்டவல்லது அவ்வேடே.