காப்பாற்றப் போனார்... கேமரா போச்சு!

ஆடித்தபசு அன்று சங்கரன்கோவிலில் நின்று பார்த்திருக்கிறீர்களா? கோமதி அம்மனுக்குச் சங்கரநாராயணர் காட்சி கொடுக்கிற அந்த நொடியில், கும்பிடுகிற கைகளோடு போட்டி போட்டு செல்போன் கைகளும் உயரும். சாமி கோயிலுக்குத் திரும்பும் முன்பே படம் சென்னைக்கும் துபாய்க்கும் போய்விடும். ஊருக்கு வர முடியாதவர்களுக்கு அதுதானே தரிசனம்! சிக்கல் மறுநாள்தான். நம் வீட்டுப் பையன் எடுத்த படம், வேறு யாரோ பெயரோடு நம் குடும்ப வாட்ஸ்அப் குரூப்புக்கே வந்து சேரும்.

இந்தத் திருட்டு புதுசு இல்லை. 1914 பிப்ரவரி 2-ல் வெளியான 'மேக்கிங் எ லிவிங்' படத்தின் கதையே இதுதான். சார்லி சாப்ளின் திரையில் தலைகாட்டிய முதல் படம். அப்போது அவருக்கு வயது 24. தொளதொள பேன்ட்டைத் தேடினால் ஏமாந்துபோவீர்கள். உயரமான தொப்பி, ஒற்றைக் கண்ணாடி, தொங்கு மீசை என்று ஜமீன் மாப்பிள்ளை மாதிரி வருகிறார். பையில்தான் காசில்லை!

வழியில் போகிற ஒருவரிடம் காசு கறக்கிறார். பிறகு அதே ஆளுடன் ஒரு பெண்ணுக்காகச் சண்டை. அந்த ஆள் ஒரு பத்திரிகை நிருபர். ஒரு கார் விபத்தை அவர் படம் எடுக்கிறார். உள்ளே ஒருவர் சிக்கியிருப்பதைப் பார்த்து, கேமராவை விட்டுவிட்டு உதவப் போகிறார். அந்த நேரம் பார்த்து சாப்ளின் கேமராவைத் தூக்கிக்கொண்டு பத்திரிகை ஆபீசுக்கு ஓட்டம். படம் எடுத்தது தானாம்! அப்புறம் என்ன, போலீஸ், துரத்தல், அடிதடி.

சிரித்துக்கொண்டே பார்த்தாலும் அந்த ஓர் இடம் மட்டும் சுருக்கென்றது. உதவப் போகாமல் நின்றிருந்தால் கேமரா தொலைந்திருக்காதே!

நிருபராக நடித்த ஹென்றி லேர்மன்தான் படத்தின் இயக்குநரும். தன் நல்ல காமெடியையெல்லாம் எடிட்டிங்கில் வெட்டிவிட்டார் என்று சாப்ளின் சுயசரிதையில் புலம்பியிருக்கிறார். திரையில் இவர் அவருடைய கேமராவைத் திருடினார், அவர் வெளியே கணக்கைத் தீர்த்துக்கொண்டார் போலும்!

ஐந்தே நாளில் இருவரும் சேர்ந்த அடுத்த படம் வந்தது: 'கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்'. தொளதொள பேன்ட், சின்ன மீசை, கைத்தடி எல்லாம் ரசிகர்கள் முதலில் பார்த்தது இதில்தான். சிறுவர்களின் கார் பந்தயத்தைப் படம்பிடிக்க விடாமல் கேமரா முன்னால் வந்து வந்து நிற்பார். பிடித்துத் தள்ளுகிறவர் அதே லேர்மன். தேரை மறைத்துக்கொண்டு செல்ஃபி எடுக்கிறார்களே, அவர்களுக்கெல்லாம் இவர்தான் குலசாமி.