கணவர் இறந்தால் ரேஷன் கடை லைசென்ஸ் மனைவிக்கு கிடைக்குமா? தெள்ளார் பகுதி மக்கள் தெரிந்து கொள்ள வேண்டியவை

தெள்ளார்:-

திருவண்ணாமலை மாவட்டம் வந்தவாசி அருகே உள்ள தெள்ளார் பகுதியில் தறி நெய்து பிழைக்கும் குடும்பங்கள் ஏராளம். சம்பாதிக்கும் ஆள் திடீரென இறந்து விட்டால் மறுநாளே தறி நின்று விடும். அப்போது அக்கம்பக்கத்தினர் சொல்லும் முதல் யோசனை, "கலெக்டர் ஆபீசுல மனு குடும்மா, கருணை அடிப்படையில ரேஷன் கடை லைசென்ஸ் குடுப்பாங்க" என்பதுதான்.

இது உண்மையா? பாதி உண்மை. அதுவும் நம்மூர் உண்மை அல்ல.

வடமாநில கதை வேறு

உத்தரபிரதேசம் போன்ற மாநிலங்களில் ரேஷன் கடையை தனி ஆட்கள் லைசென்ஸ் எடுத்து நடத்துகிறார்கள். கடைக்காரர் இறந்தால் அவரை நம்பியிருந்த குடும்பத்தினர் கருணை அடிப்படையில் கடையை கேட்கலாம். அங்கு 2019-ம் ஆண்டு வந்த அரசாணையில் மருமகளுக்கு இடம் இல்லை. மாமியார் பெயரில் இருந்த கடையை கேட்ட விதவை மருமகள் ஒருவர் அலகாபாத் ஐகோர்ட்டுக்கு போனார். மருமகளையும் குடும்பத்தில் சேர்க்க வேண்டும் என்று 2021 டிசம்பரில் கோர்ட்டு கூறியது.

தமிழ்நாட்டில் எப்படி?

இங்கு பெரும்பாலான ரேஷன் கடைகளை நடத்துவது கூட்டுறவு சங்கங்கள். சில கடைகளை நுகர்பொருள் வாணிப கழகமும், சிலவற்றை மகளிர் சுயஉதவி குழுக்களும் நடத்துகின்றன. கடையில் அரிசி அளப்பவர் சம்பளத்துக்கு வேலை பார்க்கும் விற்பனையாளர். கடை அவருடையது அல்ல. எனவே கணவர் விற்பனையாளராக இருந்தாலும் கடையை மனைவி பெயருக்கு மாற்ற முடியாது.

2013-ம் ஆண்டின் தேசிய உணவு பாதுகாப்பு சட்டமும் ஊராட்சி, கூட்டுறவு சங்கம், மகளிர் குழு ஆகியவற்றுக்கே கடை நடத்த முன்னுரிமை தரச் சொல்கிறது.

யார் கேட்கலாம்?

ரேஷன் கடை ஊழியர் பணியில் இருக்கும்போது இறந்தால், அவரது வாரிசு கருணை அடிப்படையில் வேலை கேட்டு மனு கொடுக்கலாம். கிடைப்பது லைசென்ஸ் அல்ல, வேலை. அந்த கடையை நடத்தும் சங்கத்திலும், கூட்டுறவு இணைப்பதிவாளர் அலுவலகத்திலும் விசாரிக்க வேண்டும்.

இறப்பு சான்று, வாரிசு சான்று, வருமான சான்று, படிப்பு சான்று, மற்ற வாரிசுகளின் சம்மத கடிதம் ஆகியவற்றை தயாராக வைத்துக் கொள்வது நல்லது. அரசு பணியில் கருணை வேலைக்கு, இறந்த நாளில் இருந்து 3 ஆண்டுக்குள் மனு கொடுக்க வேண்டும் என்பது விதி. சங்க வேலைக்கும் நாள் கடத்தினால் சிக்கல்தான். "காரியம் முடியட்டும், பங்காளி சண்டை தீரட்டும்" என்று தள்ளிப்போட்டு வாய்ப்பை கோட்டை விடுவோர் உண்டு.

ஒன்றை மறக்கக் கூடாது. கருணை வேலை என்பது வாரிசு உரிமை அல்ல, திடீர் கஷ்டத்தில் இருந்து குடும்பம் மீள்வதற்கான உதவி என்று சுப்ரீம் கோர்ட்டு 1994-லேயே கூறி விட்டது. வறுமையை காட்டினால்தான் மனு நிற்கும்.

நெசவாளர் குடும்பம் என்ன செய்வது?

இறந்தவர் ரேஷன் கடை ஊழியர் இல்லை என்றால் கருணை வேலை கிடையாது. ஆனால் மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையம் அறிவிப்பு வெளியிடும்போது எல்லோரும் விண்ணப்பிக்கலாம். 2022-ல் வந்த அறிவிப்பில் விற்பனையாளருக்கு பிளஸ்-2, கட்டுனருக்கு 10-ம் வகுப்பு தேர்ச்சி கேட்கப்பட்டது. முதல் ஓராண்டுக்கு தொகுப்பூதியம் முறையே ரூ.6,250, ரூ.5,500. எழுத்து தேர்வு இல்லை, நேர்முக தேர்வுதான்.

ஆதரவற்ற விதவைகளுக்கான மாத உதவித்தொகை 2023-ல் ரூ.1,000-ல் இருந்து ரூ.1,200 ஆக உயர்த்தப்பட்டது. இதற்கு இ-சேவை மையம் மூலம் மனு செய்யலாம். நெசவாளர் கூட்டுறவு சங்க உறுப்பினராக இருந்திருந்தால், குடும்ப ஓய்வூதியம் பற்றி சங்கத்தில் உடனே கேட்க வேண்டும்.

புரோக்கரிடம் ஏமாறாதீர்கள்

"மேலிடத்துல ஆள் இருக்கு, லைசென்ஸ் வாங்கித் தர்றேன்" என்று யாராவது பணம் கேட்டால், அது ஏமாற்று வேலை. இல்லாத லைசென்சை யாரும் வாங்கித் தர முடியாது. தாலியை அடகு வைத்து பணம் கொடுத்தால் தாலியும் போகும், பணமும் போகும்.

சந்தேகம் இருந்தால் வந்தவாசி தாலுகா அலுவலகத்தில் வட்ட வழங்கல் அலுவலரிடம் கேட்கலாம். திங்கட்கிழமை திருவண்ணாமலை கலெக்டர் அலுவலகத்தில் நடக்கும் குறைதீர்க்கும் கூட்டத்திலும் மனு கொடுக்கலாம். அதற்கு பைசா செலவு இல்லை. மனு கொடுத்ததும் ரசீது வாங்க மட்டும் மறக்காதீர்கள்.