காவல் நின்று வழிபட்ட படையணி

ஸ்கொத்லாந்துப் போர்வீரர் என்றதும் மடிப்புப் பாவாடையும் துருத்திக்குழலும் நம் மனக்கண்முன் தோன்றும். ஆயின் அப்பாவாடை மலைநாட்டுப் படையணிகளுக்கே சிறப்பாக உரியது. தாழ்நிலத்துப் படையணிகள் கட்டமிட்ட துணியாலாய காற்சட்டையையே அணிந்தன. அத்தாழ்நிலப் படையணிகளுள் ஒன்று கமறோனியர் படையணி. மரபு என்பது யாது, அது எங்ஙனம் உயிர் வாழ்கின்றது என்னும் வினாக்களுக்கு அதன் வரலாறு நல்லதொரு விடை தருதலின், அதனை ஈண்டுச் சுருங்கக் கூறுவாம்.

பதினேழாம் நூற்றாண்டில், திருச்சபையை அரசனும் அவன் அமர்த்திய அத்தியட்சரும் ஆளுதல் தகாதெனக் கொண்ட ஸ்கொத்லாந்து மக்கள் உடன்படிக்கையாளர் எனப்பட்டனர். இரண்டாம் சார்ள்ஸ் மன்னன் காலத்தில் அவர் பெருந்துன்பம் உற்றனர். கோயிலை விடுத்து, மலைச்சாரலிலும் மேய்ச்சல் வெளியிலும் கூடி வழிபட்டனர். அரச படை எந்நேரமும் பாயக்கூடும். ஆதலின், நடுவே போதகர் மறை ஓத, சுற்றிலும் ஆடவர் சிலர் படைக்கலந் தாங்கிக் காவல் நின்றனர். அத்தகைய போதகருள் ஒருவர் றிச்சட் கமறன். அவர் 1680 ஆம் ஆண்டு யூலை 22 ஆம் நாள் ஏயர்ட்ஸ் மொஸ் என்னும் சதுப்பு வெளியில் அரச படையால் கொல்லப்பட்டார். அவர்வழி நின்றோர் கமறோனியர் எனப் பெயர் பெற்றனர்.

பின்னர் அரசு மாறியது. இரண்டாம் யேம்ஸ் முடியிழக்க, வில்லியம் அரசனானான். புதிய அரசைக் காத்தற்கு 1689 ஆம் ஆண்டு மே 14 ஆம் நாள் தக்ளஸ் என்னும் ஊரில், அங்கஸ் பிரபுவின் பெயரால், கமறோனியர் ஒரு படையணியாகத் திரண்டனர். போர்வீரர்தம் ஒழுக்கத்தைப் பேணுதற்கு ஒவ்வொரு கொம்பனிக்கும் சபை மூப்பர் ஒருவர் இருந்தார். மூன்று திங்கள் கழிந்த சில நாட்களில், ஓகஸ்ட் 21 ஆம் நாள், டன்கெல்ட் நகரில் தம்மினும் பன்மடங்கு மிக்க எதிரிகளை அவர் எதிர்த்துப் பொருதனர். தலைவர் வில்லியம் கிளீலண்ட் இளம் வயதிலேயே அங்கு வீழ்ந்தார். குண்டுகள் தீர்ந்தபோது கூரையிலிருந்த ஈயத்தை உரித்து உருக்கி வார்த்தனர். நகரம் எரிந்தது, எனினும் படையணி பின்வாங்கவில்லை.

இருபத்தாறாம் அணி என எண் பெற்ற இப்படை, 1881 ஆம் ஆண்டுச் சீர்திருத்தத்தில் தொண்ணூறாம் அணியுடன் இணைந்து, கமறோனியர் (ஸ்கொத்திஷ் றைபிள்ஸ்) ஆயிற்று. ஆயினும் பழைய வழக்கம் மாறவில்லை. புதிதாய்ச் சேர்ந்தோர் ஒவ்வொருவருக்கும் விவிலிய நூல் வழங்கப்பட்டது. வீரர் துப்பாக்கியுடனேயே வழிபாட்டிற்குச் சென்றனர். திறந்த வெளியில் வழிபடுங்கால் முதலிற் காவலர் நாற்புறமும் சென்று நின்றனர்; எதிரி எவருமிலர் என்று அறிவித்த பின்னரே போதகர் தொடங்கினார். எதிரி மறைந்து இருநூறு ஆண்டுகள் கடந்தும் காவல் நின்றது ஏன்? முன்னோர் எதற்காகத் துன்புற்றனர் என்பதை, நூல் கல்லாத இளைஞனும் தன் கால்களால் நின்று அறிந்துகொண்டான். அதுவே அச்செயலின் பயன்.

அவ்வுணர்வின் வலிமையை 1915 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில், பிரான்சிலுள்ள நேவ் சப்பல் போர்க்களத்திற் காண்கின்றோம். இரண்டாம் பற்றாலியன் அங்குப் போர் புகுந்தது. ஆறு நாட்களின் பின் ஏறக்குறைய நூற்றைம்பதின்மரே, எஞ்சிய ஓர் இளம் அதிகாரியின் தலைமையில், அணிவகுத்து மீண்டனர்.

இவ்வரலாற்றுக்கு மறுபக்கமும் உண்டு. மனச்சாட்சிக்காகத் துன்புற்றோர் வழிவந்த இதே அணி, 1840 ஆம் ஆண்டு தொடங்கிய அபினிப் போரிற் சீனர்மீது ஏவப்பட்டது. வடிவம் வழுவாது நின்றபோதும் பொருள் நழுவிவிடக் கூடும் என்பதற்கு இது சான்று.

1968 ஆம் ஆண்டு படைக்குறைப்பு வந்தபோது, வேறோர் அணியுடன் இணைக, அன்றேற் கலைக என்று இவர்க்குக் கூறப்பட்டது. பெயரைக் கலந்து வாழ்தலினும் கலைதலே நன்றென இவர் தேர்ந்தனர். மே 14 ஆம் நாள், 279 ஆண்டுகளின் முன் தாம் திரண்ட அதே தக்ளஸிற் கூடினர். வழக்கம்போலக் காவலர் நிறுத்தப்பட்டனர், வழிபாடு நிகழ்ந்தது, கொடி இறக்கப்பட்டது. இணைதலை ஏற்ற அணிகள் பலவும் பின்னர் 2006 ஆம் ஆண்டு ஸ்கொத்லாந்து அரச படையணி என்னும் ஒன்றனுள் அடங்கின.

இரண்டனுள் எது சிறந்ததென நாம் தீர்ப்புக் கூறவில்லை. ஆயினும் ஒன்று தெளிவு. மரபைக் காப்பது கட்டடமோ கொடியோ அன்று. காரணம் உணர்ந்து திரும்பத் திரும்பச் செய்யும் செயலே அதனைக் காக்கின்றது. பழைய மாணவராகிய நாம், கல்லூரி மண்டபத்திற் காலைதோறும் கூப்பிய கைகளை ஒருகால் நினைத்துப் பார்ப்போமாக. அன்று ஏன் கூப்பினோம் என்பதை நம் மைந்தர்க்கு எடுத்துரைப்போமாயின், இந்த யூபிலி ஆண்டு பொருளுடையதாகும்.