பண்பாட்டாய்வு: ஒரு புகுமுகம்

பண்பாட்டாய்வு என்றவுடன், பழங்கலைகளை ஆராய்தல் எனப் பலர் கருதுவர். இசை, நடனம், சிற்பம், உயரிலக்கியம் ஆகியனவே பண்பாடு எனக் கொள்வது நம்மிடையே ஊறிய வழக்கம். ஆங்கில நாட்டிலும் அறிஞர் பலர் நெடுங்காலம் அவ்வாறே கொண்டனர். 1869இல் நூலெழுதிய மத்தியூ ஆர்னோல்ட், மனிதன் முழுமையை நாடும் முயற்சியே பண்பாடு என்றார்.

இக்கொள்கையை அசைத்தோர் தொழிலாளர் குடும்பங்களிற் பிறந்து கல்வியால் உயர்ந்த இருவராவர். றேமன்ட் வில்லியம்ஸ், வேல்ஸ் நாட்டுப் புகையிரதச் சமிக்ஞையாளர் ஒருவரின் மைந்தர். றிச்சட் ஹொகாட், லீட்ஸ் நகரத் தொழிலாளர் குடியிருப்பில் வளர்ந்தவர். இருவரும் வளர்ந்தோர் கல்வி வகுப்புகளிற் கற்பித்தவர்கள். 1957இல் ஹொகாட் வெளியிட்ட 'எழுத்தறிவின் பயன்கள்' என்னும் நூல், வீட்டுப் பேச்சையும் மலிவு வார இதழ்களையும், இலக்கியத்தைக் கற்கும் அதே கூர்மையோடு நோக்கியது. பாற்கடைகளில் இசைப்பெட்டியைச் சூழ்ந்து நின்ற இளைஞரிடம் மாத்திரம் அவர் பரிவு காட்டவில்லை. அஃது அந்நூலின் குறையென்றே யாம் கருதுகிறோம். அடுத்த ஆண்டில் வில்லியம்ஸ், பண்பாடு எல்லாருக்கும் உரிய சாதாரணப் பொருளே என வாதித்தார்.

1964இல் ஹொகாட் பேமிங்ஹாம் பல்கலைக்கழகத்திலே சமகாலப் பண்பாட்டாய்வு நிலையத்தை நிறுவினார். பெங்குயின் பதிப்பகத்து அலன் லேன் பொருளுதவி புரிந்தார். பின்னர் அதற்குத் தலைமை தாங்கியவர், ஜமேக்காவிலிருந்து 1951இல் ஒக்ஸ்போட்டிற் பயில வந்த ஸ்ருவேட் ஹோல்.

தொலைக்காட்சி பற்றி ஹோல் 1973இல் எழுதிய கட்டுரையே இத்துறையிற் புகுவார்க்கு நல்ல வாயில். செய்தியை ஆக்குவோர் அதில் ஒரு பொருளை அமைக்கின்றனர். பார்ப்போர் அதனை அவ்வாறே பெறுவதில்லை என்பது அவர் கொள்கை. சம்பளவுயர்வைக் கட்டுப்படுத்துவது நாட்டு நலனுக்கென்று செய்தி கூறுகிறது என்போம். ஒருவர் அதனை முற்றாக ஏற்கிறார். மற்றொருவர், "நாடு என்பது இங்கே எவரைக் குறிக்கிறது?" என வினவுகிறார். மூன்றாமவர், "உண்மைதான்" எனத் தலையசைத்துவிட்டு, மறுநாள் தமது தொழிற்சாலையிற் சம்பளவுயர்வு கேட்டு வேலைநிறுத்தஞ் செய்கிறார்! நம்மிற் பலர் இம்மூன்றாமவரே.

அந்நிலையத்தின் வழிவந்த துறையைப் பல்கலைக்கழகம் 2002இல் மூடிவிட்டது. ஆயினும் அதற்குள் இவ்வாய்வு பல நாடுகளுக்குப் பரவியிருந்தது.

தொடங்க விரும்பும் மாணவர் பெருநூல்களைத் தேடி அலைய வேண்டுவதில்லை. கையிலுள்ள இம்மலரையே எடுத்துக்கொள்க. இதனை ஆக்கியோர் யாவர்? எவரை எண்ணி ஆக்கினர்? அதிபர்கள், ஆசிரியர்கள், விளையாட்டு வீரர்கள் ஆகியோரின் படங்களை எண்ணுக. பின்னர், விடுதியிலே நமக்கு அன்னம் சமைத்தவரும், காலையும் மாலையும் மணியடித்தவரும் எத்தனை பக்கங்களில் வருகின்றனர் என்றும் எண்ணிப் பார்க்க.