போர்வைக்குள் யார்?



பாழடைந்த மாளிகை. நள்ளிரவு. கதவு தானே திறக்கிறது. வெள்ளைப் போர்வை ஒன்று நடந்து வருகிறது. "ஐயோ, பேய்!" என்று பலர் ஓடுவர். ஒருவன் மட்டும் நின்று, "யாரப்பா போர்வைக்குள்ளே?" என்று கேட்பான். அந்தக் கேள்வியை, வாய் பேசாத அமெரிக்கப் படங்கள் சில, வயிறு குலுங்கச் சிரிக்கவைத்துக் கேட்டன.

1921-இல் பஸ்டர் கீட்டன் நடித்து வந்த படம் 'தி ஹாண்டட் ஹவுஸ்'. பேய்வீடு என்று பொருள். பாங்கியில் பணம் எண்ணிக் கொடுக்கும் எளிய குமாஸ்தா அவன். அதே பாங்கியில் உயர்ந்த நாற்காலியில் இருப்பவனோ, பகலில் கனவான், மறைவில் கொள்ளைக் கூட்டத்தின் தலைவன்! கூட்டத்தின் குகைதான் பேய்வீடு. ஊரார் எட்டிப் பார்க்காதிருக்க என்ன ஏற்பாடு? போர்வை போர்த்திய ஆட்கள்; ஏறும்போதே சறுக்குமரமாக மாறிவிடும் மாடிப்படி! அச்சமே அங்கே பூட்டு; மூடநம்பிக்கையே காவலாளி!

கொள்ளையைத் தடுக்க முனைந்த குமாஸ்தா மீதே கொள்ளைப் பழி விழுகிறது. உழைப்பவனுக்கு உலகம் தரும் பரிசு அதுதானே! தப்பியோடிப் பேய்வீட்டில் நுழைகிறான். வேடம் கலைக்காத நாடகக்காரர்களும் அங்கே வந்து சேருகிறார்கள். அவர்களைக் கண்டு கொள்ளையரே அலறுகின்றனர். பேய் காட்டிப் பிழைத்தவன் பேய்க்குப் பயந்து ஓடுகிறான்! இதைவிடச் சிறந்த பகுத்தறிவுப் பாடம் வேண்டுமோ?

அதற்கு முந்தைய ஆண்டு, 1920-இல், ஹரால்ட் லாயிட் நடித்த 'ஹாண்டட் ஸ்பூக்ஸ்' வந்தது. அதிலும் பேய் இல்லை, பேராசைதான் உண்டு. சொத்துக்கு உரிய பெண்ணை வீட்டைவிட்டு விரட்ட, உறவினனே பேய் வேடம் போடுகிறான். கதை நல்ல கதைதான். ஆனால் கறுப்பின வேலைக்காரர்களை வெலவெலக்க வைத்து, அதைப் பார்த்துச் சிரியுங்கள் என்கிறது படம். பயமுறுத்தியவனை விட்டுவிட்டுப் பயந்த ஏழையைப் பார்த்துச் சிரிப்பது நகைச்சுவையா? அந்தச் சிரிப்பும் ஒரு போர்வையே. உள்ளே ஒளிந்திருப்பது நிறவெறி!

ஆகவே தோழர்களே, சிரிக்கும்போதும் விழிப்போடு சிரியுங்கள். யார் செலவில் சிரிக்கிறோம் என்று எண்ணிப் பாருங்கள். "அந்தப் பக்கம் போகாதே, பேய் இருக்கிறது!" என்று எவனாவது சொன்னால், ஓடாதீர்கள். அவன் முகத்தை நேரே பார்த்து ஒன்று கேளுங்கள்:

"அங்கே நீ என்னப்பா ஒளித்து வைத்திருக்கிறாய்?"